போட்டுல ஏஐஎஸ் செட்டும் விஹெச்எஃப் ஒயர்லெஸ்ஸும்: செயின்ட் ஆன்டனி கேஸ மறக்காத ஒரு ஆழ்கடல்காரன் எழுதுத ரிவ்யூ

கிளாஸ் பி ஏஐஎஸ் டிரான்ஸ்பாண்டர் (நம்ம போட்டு பேரும் எடமும் சுத்தி உள்ள கப்பலுக்கு தானா அனுப்புத பெட்டி, கிளாஸ் பின்னா சின்ன போட்டுக்கு உள்ள வகை) ஒண்ணு, 25 வாட் விஹெச்எஃப் ஒயர்லெஸ் (கப்பலோட பேசுத ரேடியோ) ஒண்ணு, ரெண்டையும் எங்க போட்டுல வச்சு ஓட்டிட்டு இருக்கோம். கன்னியாகுமரி மாவட்டத்துல தூத்தூர்ல இருந்து நீரோடி வரைக்கும் நம்ம கரையில நெறைய பேரு "வாங்கலாமா, காசு வேஸ்டா"ன்னு கேக்குதாவ, அதுக்குத்தான் இத எழுதுதேன். கம்பெனி பேரு போடல, கடை பேரும் போடல, ஏன்னா நான் சொல்லுத நல்லதும் கெட்டதும் மார்க்கெட்ல கெடைக்குத எல்லா பெட்டிக்கும் ஏறக்குறைய பொருந்தும். முதல்லயே சொல்லிருதேன், வாங்குங்க. ஆனா கப்பல் வந்து இடிக்காம இருக்கதுக்கு மட்டும்னு நெனச்சு வாங்காதீங்க. நடுக்கடல்ல நமக்கு ஏதாவது ஆச்சுன்னா, நாம எங்க நின்னோம், எந்தக் கப்பல் பக்கத்துல வந்துச்சு, எத்தன மணிக்குன்னு சொல்லுததுக்கு வேற சாட்சி கெடையாது. கடல்ல தெருவும் இல்ல, பக்கத்து வீடும் இல்ல.

இத நான் சும்மா சொல்லல, 2012 பிப்ரவரி 15ம் தேதி நடந்தத நம்ம கரையில யாரும் மறக்க முடியாது. செயின்ட் ஆன்டனி போட்டு பூத்துறைக்காரருக்க போட்டு, கேரளாவுல கொல்லம் பக்கத்து நீண்டகரையில இருந்து தொழிலுக்குப் போனது, மொத்தம் 11 பேரு. சாயங்காலம் நாலரை மணி இருக்கும், நல்ல வெளிச்சம், ராத்திரி பூரா வேலை செஞ்ச களைப்புல பெரும்பாலானவங்க தூங்குதாவ, ஒருத்தர் வீல் புடிச்சு நிக்காரு. கேரளக் கரையில இருந்து 20.5 நாட்டிக்கல் மைல்ல என்ரிக்கா லெக்சின்னு இத்தாலி கொடி கட்டின எண்ணெய்க் கப்பல், அதுல பாதுகாப்புக்குன்னு ஏத்தியிருந்த இத்தாலி நேவி மரைன்ஸ் (நேவி பட்டாளக்காரங்க) ஆறு பேரு. அங்க இருந்து வெடி வந்துச்சு. வீல்ல நின்ன கொல்லத்துக்காரரும், நம்ம கன்னியாகுமரி மாவட்டத்து சின்னப் பையன் ஒருத்தனும் போட்டுலயே செத்துப் போனாவ. மிச்சம் இருந்தவங்க ரெண்டு பொணத்தையும் வச்சுகிட்டு ராத்திரி நீண்டகரைக்கு வந்து சேந்தாவ. கோஸ்ட் கார்டு கூப்பிட்டு கப்பல் கொச்சிக்கு வந்துச்சு, 19ம் தேதி ரெண்டு மரைன்ஸ அரெஸ்ட் பண்ணினாவ.

தொழில் செய்யுத எடத்துல, தொழில் செஞ்சிட்டு இருக்கும்போது சுட்டுக் கொன்னது இது. ஆபீஸ்லயோ பேக்டரியிலயோ இப்படி நடந்தா நாட்டுல என்ன பேச்சு வரும்னு நெனச்சுப் பாருங்க. நமக்கு போட்டுதான பேக்டரி, அதுலதான் சோறு பொங்குதோம், அதுலதான் தூங்குதோம், அதுலதான் கேரையும் சூரையும் புடிச்சு ஐஸ்ல போடுதோம்.

நெறைய பேருக்கு தெரியாத ஒரு விஷயம், ஏன் கப்பல்ல துப்பாக்கியோட பட்டாளம் நின்னுச்சுங்கது. அப்பம் சோமாலியா கொள்ளக்காரன் தொல்லை உச்சத்துல இருந்த நேரம். கப்பல் கம்பெனிகளும் இன்சூரன்ஸ்காரங்களும் சேந்து ஆபத்தான கடல்னு ஒரு எல்லைக் கோடு வச்சிருந்தாவ, 2010 கடைசியில அத கிழக்க 78 டிகிரி தீர்க்கரேகை வரைக்கும் தள்ளிட்டாவ. கொல்லம் கெடக்கது 77 டிகிரிக்கும் உள்ள. அப்படின்னா நம்ம தொழில் செய்யுத கேரளக் கடல் முழுசும் அவிய மேப்புல கொள்ளக்காரன் கடலா ஆயிட்டு, இங்க எந்த சின்ன போட்டு பக்கத்துல வந்தாலும் சந்தேகமாத்தான் பாப்பாவ. இத்தாலி 2011ல புதுசா சட்டம் போட்டு கப்பல்ல நேவிக்காரங்கள ஏத்த ஆரம்பிச்சுது. அந்தக் கோட்ட 65 டிகிரிக்கு பின்னால இழுத்தது 2015 டிசம்பர்ல. நம்ம கரையில இருந்து ஒரு மனுசனக்கூட கேட்டுட்டு யாரும் கோடு போடல, இத எத்தன தடவ சொன்னாலும் எனக்கு ஆத்தாமை தீராது.

இனி பெட்டிக்கு வாரேன். ஏஐஎஸ் என்ன பண்ணும்னா, நம்ம போட்டுக்க பேரு, எடம், வேகம், எந்தப் பக்கம் போறோம் எல்லாத்தையும் விஹெச்எஃப் அலையில அனுப்பிகிட்டே இருக்கும், சுத்தி நிக்குத கப்பல் அனுப்புதத வாங்கி ஸ்கிரீன்ல காட்டும். வெளிநாட்டு ஓட்டத்துல போற 300 டன்னுக்கு மேல உள்ள கப்பல் எல்லாத்துலயும் இது கட்டாயம். ராத்திரி தூரத்துல ஒரு வெளிச்சத்த பாத்து இது வருதா போகுதான்னு முழிச்சிட்டு நின்ன காலம் போச்சு, கப்பல் பேரு, வேகம், இதே போக்குல போனா நம்மகிட்ட எவ்வளவு பக்கத்துல வரும், அதுக்கு இன்னும் எத்தன நிமிஷம் இருக்கு, எல்லாம் எழுத்துல வருது. பெரிய கப்பல பத்து பதினஞ்சு நாட்டிக்கல் மைலுக்கு அப்புறமே காட்டிருது, ஆண்டெனாவ எவ்வளவு உயரத்துல வைக்கீங்களோ அவ்வளவு நல்லது. இந்த ஒரு காரணத்துக்கே காசு குடுக்கலாம். 2012 மார்ச் 1ம் தேதி, செயின்ட் ஆன்டனி நடந்து ரெண்டு வாரம்தான் ஆயிருந்துச்சு, ஆலப்புழை பக்கம் பிரபு தயான்னு ஒரு கப்பல் போட்ட இடிச்சு அஞ்சு பேரு செத்தாவ. 2017 ஜூன்ல கொச்சிக்கு வெளிய ஆம்பர் எல் கப்பல் கார்மல் மாதா போட்ட இடிச்சுது. 2018 ஆகஸ்ட்ல முனம்பத்துல இருந்து போன ஓசியானிக் போட்ட ஒரு கப்பல் இடிச்சிட்டு நிக்காமலே போச்சு, அதுல இருந்தவங்கள்ல முக்காவாசி பேரு நம்ம ஊர்க்காரங்க. கப்பல் பேரு நமக்கு அந்த நிமிஷமே தெரிஞ்சா எவ்வளவு வித்தியாசம்னு அந்த வீடுகள்ல போய் கேட்டா தெரியும்.

குறையும் சொல்லணும். சாதாரண கிளாஸ் பி வெறும் 2 வாட்லதான் அனுப்பும், கப்பல்ல உள்ள கிளாஸ் ஏ 12.5 வாட். ஓடிட்டு இருக்கும்போது 30 செகண்டுக்கு ஒரு தடவ அனுப்புது, ஆனா வேகம் 2 நாட்டிக்கு (knot, மணிக்கு ஒரு நாட்டிக்கல் மைல்னா 1 நாட்) கீழ போச்சுன்னா 3 நிமிஷத்துக்கு ஒரு தடவதான். நாம தூண்டில் விட்டுட்டு எஞ்சின ஆஃப் பண்ணி கெடக்கது, தூங்குதது எல்லாம் அந்த நேரத்துலதான். 14 நாட் வேகத்துல வாற கப்பல் மூணு நிமிஷத்துல முக்கா நாட்டிக்கல் மைல் கிட்ட வந்துரும், அதனால பெட்டி வச்சாச்சுன்னு எல்லாரும் படுத்துரக் கூடாது, ஒருத்தன் முழிச்சு நிக்கணும். இன்னொண்ணு, கப்பல்காரன் அவனுக்க ஸ்கிரீன்ல கிளாஸ் பி எல்லாத்தையும் மறைச்சு வைக்குத வசதி உண்டு. ஹார்பர் பக்கம் நூறு போட்டு தெரிஞ்சு கண்ண மறைக்குன்னு அப்படி செய்யுதாவ, பொறவு ஆழ்கடலுக்கு வந்த பெறகும் திருப்பி மாத்த மறந்திருப்பாவ. நாம கத்துதோம், அவனுக்கு காது அடைச்சிருக்கு. இத எந்தக் கடைக்காரரும் நமக்கு சொல்ல மாட்டாரு.

அதுக்குத்தான் ஒயர்லெஸ்ஸும் சேத்து வாங்கச் சொல்லுதேன். நம்ம ஆளுங்க கையில வச்சிருக்க சைனா செட்டு போட்டுக்கும் போட்டுக்கும் பேசத்தான் உதவும், கப்பல் கேக்குதது மரைன் பேண்டுல 16ம் சேனல், அதுல வந்து கூப்பிட்டாத்தான் அவன் காதுல விழும். ஏஐஎஸ்ல பேரு தெரியும்ங்கதால பேரு சொல்லியே கூப்பிடலாம், அதுதான் ரெண்டையும் சேத்து வைக்கதுக்க பெரிய லாபம். சும்மா "ஷிப் ஷிப்"னு கூப்பிட்டா எவனும் திரும்ப மாட்டான், கப்பல் பேர மூணு தடவ சொல்லி, பொறவு "திஸ் இஸ் ஃபிஷிங் போட்", நம்ம போட்டு பேரு, "கீப் கிளியர்"னு சொன்னா பெரும்பாலும் பதில் வருது, சில கேப்டன்மாரு நல்ல மரியாதையாவே பேசுதாவ. இங்கிலீஷ் தெரியாதுன்னு கூச்சப்படாண்டாம், பத்து வார்த்த போதும். எங்க போட்டுல பொடியன்மாரு அத ஒரு அட்டையில தமிழ்ல எழுதி வீல்ஹவுஸ்ல ஒட்டி வச்சிருக்கானுவ.

செயின்ட் ஆன்டனியில இது எல்லாம் இருந்திருந்தா ரெண்டு உயிரும் தப்பிச்சிருக்குமான்னு எனக்கு அடிக்கடி தோணும். நேர்மையா சொன்னா, உறுதியா சொல்ல முடியாது. நல்ல பகல் வெளிச்சத்துல கண்ணுக்கு தெரியுத ஒரு மீன்புடி போட்ட பாத்து சுட்டிருக்காவ. போட்டு நேரா எங்கள நோக்கி வந்துச்சு, எச்சரிக்கை குடுத்தோம், விலகல, கொள்ளக்காரன்னு நெனச்சோம்னு கப்பல் தரப்புல சொன்னாவ. ஒரு எச்சரிக்கையும் இல்ல, திடீர்னு வெடி வந்துச்சுன்னு போட்டுல இருந்தவங்க சொன்னாவ. ஸ்கிரீன்ல போட்டு பேரு வந்திருந்தா, 16ல ஒரு குரல் கேட்டிருந்தா, கொள்ளக்காரன்னு நெனச்சோம்னு சொல்லுததுக்கு அவியளுக்கு எடம் இருந்திருக்காது. நான் பெட்டி வாங்கினது இதுக்குத்தான்.

இனி கேஸ்ல என்ன ஆச்சுன்னு முழுசா தெரிஞ்சாத்தான் டிராக் ரெக்கார்டு (போட்டு போன வழியும் நேரமும் பெட்டியில பதிஞ்சது) ஏன் முக்கியம்னு புரியும், கொஞ்சம் நீளமா இருந்தாலும் படிங்க. நீண்டகரை கோஸ்டல் போலீஸ் கொலை கேஸ் போட்டுச்சு, 2012 மே மாசம் கொல்லத்துல சார்ஜ் ஷீட்டும் போட்டாச்சு. அதுக்கு முன்னாலயே இத்தாலி செத்தவங்க ரெண்டு குடும்பத்துக்கும் ஒரு கோடி வீதம் குடுத்து சமாதானம் பேசிட்டு போயிட்டு. அப்பம் வந்த கேள்வி, சுட்டது யாரு, ஏன்னு இல்ல. எந்த எடத்துல நடந்துச்சுங்கதுதான். கரையில இருந்து 12 நாட்டிக்கல் மைல் வரைதான் முழுசா நம்ம நாட்டு எல்லை, இது 20.5ல நடந்ததால கேரளாவுக்கு கேஸ் நடத்த அதிகாரம் இல்ல, மத்திய அரசு தனிக் கோர்ட்டு வச்சு நடத்தணும்னு 2013 ஜனவரி 18ம் தேதி சுப்ரீம் கோர்ட்டு சொல்லிட்டு. ஒரு போட்டு நின்ன எடம், அந்த ஒரு நம்பர், கேஸ கொல்லத்துல இருந்து டெல்லிக்கு தூக்கிட்டுப் போச்சு.

பொறவு நடந்தது பேப்பர்ல நீங்க எல்லாம் படிச்சிருப்பீங்க. ஓட்டு போடணும்னு ஊருக்குப் போன மரைன்ஸ திருப்பி அனுப்ப மாட்டோம்னு 2013 மார்ச்சுல இத்தாலி சொன்னதும், அவிய அம்பாசிடர் நாட்ட விட்டுப் போகக் கூடாதுன்னு சுப்ரீம் கோர்ட்டு தடுத்ததும், கடைசியில 22ம் தேதி ரெண்டு பேரும் வந்ததும். கேஸ் மத்திய அரசோட என்ஐஏ (தேசிய புலனாய்வு ஏஜென்சி) கைக்கு போச்சு, தூக்குத் தண்டனை வருத சட்டத்த போடலாமா வேண்டாமான்னே ஒரு வருசம் கிட்ட ஓடிச்சு. 2014ல ஒருத்தருக்கு ஸ்ட்ரோக் வந்து ஊருக்கு போனாரு, 2015 ஆகஸ்ட்ல ரெண்டு நாடும் கேஸ நிறுத்தி வைக்கணும்னு ஹாம்பர்க்ல உள்ள கடல் சட்ட தீர்ப்பாயம் சொல்லிச்சு, 2016 மே மாசம் ரெண்டாவது ஆளும் போனாரு. 2020ல ஹேக்ல நடுவர் மன்றத் தீர்ப்பு, அஞ்சு பேர்ல மூணு பேரு சொன்னது, மரைன்ஸ் அரசாங்க வேலையா செஞ்சதால இந்தியாவுல விசாரிக்க முடியாதுன்னு. ஆனா போட்டுக்க கடல் போக்குவரத்து உரிமைய இத்தாலி மீறியிருக்கு, உயிர் போனதுக்கும் காயத்துக்கும் மனவேதனைக்கும் நஷ்டஈடு குடுக்கணும்னு அதே தீர்ப்புல இருக்கு. 10 கோடி குடுத்தாவ, செத்தவங்க குடும்பத்துக்கு நாலு நாலு, போட்டு ஓனருக்கு ரெண்டு. 2021 ஜூன் 15ம் தேதி சுப்ரீம் கோர்ட்டு இங்க உள்ள கேஸ முடிச்சு வச்சுது. அங்க ரோம்ல நடந்த விசாரணையும் 2022 ஜனவரியோட மூடிட்டாவ.

ஒம்பது வருசத்துக்கு மேல ஆச்சு, ஒரு கிரிமினல் கோர்ட்டுலயும் முழு விசாரணை நடக்கல. போட்டுல கூட நின்னு பாத்தவங்க கூண்டுல ஏறி, நான் பாத்தது இதுதான்னு சொல்லி, எதிர் தரப்பு வக்கீல் குறுக்க கேட்டு, ஜட்ஜு கேட்டு தீர்ப்பு சொன்னாருங்கது நடக்கவே இல்ல. பணம் வேண்டாம்னு நான் சொல்லல, அந்தக் குடும்பங்களுக்கு அது வேணும், இன்னும் கூட குடுத்திருக்கலாம். போட்டுல இருந்த மத்த ஆளுங்களுக்கும் நஷ்டஈட்டுல பங்கு உண்டுன்னு திரும்ப சுப்ரீம் கோர்ட்டு வரைக்கும் போய்தான் 2022ல ஓனருக்க ரெண்டு கோடியில இருந்து ஆளுக்கு 5 லட்சம் வீதம் குடுக்கச் சொல்லி உத்தரவு வந்துச்சு. பக்கத்துல நின்னவன் சாகுதத பாத்தவனுக்கு எத்தன ராத்திரி தூக்கம் போயிருக்கும், அதுக்கு இவ்வளவு காலம் அலையணுமா.

அதனால பெட்டி வாங்கும்போது டிராக் சேமிக்குத வசதி இருக்கான்னு முதல்ல கேளுங்க. நம்ம எடமும் நேரமும் மட்டும் இல்ல, பக்கத்துல வந்த கப்பல்களோட பேரும் எம்எம்எஸ்ஐ நம்பரும் (ஒவ்வொரு கப்பலுக்கும் போட்டுக்கும் உள்ள ரேடியோ அடையாள நம்பர்) சேந்து கார்டுல பதியணும். எங்க பெட்டி நம்ம டிராக்க நல்லா சேமிக்குது, ஆனா மெமரி நிறைஞ்சா பழசு தானா அழிஞ்சிரும், இது பெரிய குறை. ஒவ்வொரு டிரிப்பும் கரைக்கு வந்ததும் காப்பி எடுத்து வைக்கணும். ஒயர்லெஸ்ல பேசினத எங்க செட்டு பதியாது, அதுக்குன்னு ஒரு போன ஸ்பீக்கர் பக்கத்துல வச்சு ரெக்கார்டு போடுதோம். பெரிய கப்பல்ல எல்லாம் பேச்சு, ரேடார், எடம் எல்லாம் சேத்து பதியுத கருப்புப் பெட்டி இருக்கு, நாளைக்கு ஒரு கேஸ் வந்தா அவன்கிட்ட எல்லாம் இருக்கும், நம்மகிட்ட வாய் வார்த்த மட்டும்தான் இருக்கும். இந்த ஏற்றத்தாழ்வ கொறைக்கத்தான் இந்த செலவு.

எம்எம்எஸ்ஐ நம்பர் விஷயத்துல கவனமா இருங்க. ஒம்பது இலக்கம், இந்தியாவுக்கு 419ல தொடங்கும், உங்க போட்டு பேருல முறையா வாங்கி பெட்டியில ஏத்தணும், ஒரு தடவ ஏத்தினா நாமளா மாத்த முடியாது. அதனால பழைய செட்டு கம்மி வெலைக்கு கெடைக்குன்னு வாங்கிராதீங்க, வேற போட்டு பேருல கடல்ல நடமாடுவீங்க, ஒரு அசம்பாவிதம் நடந்தா ரெக்கார்டு உங்களுக்கு எதிராவே திரும்பும். வலையில கட்டி மிதக்க விடுத சைனா ஏஐஎஸ் மிதவைகளும் விக்குதாவ, அது கப்பல் ஸ்கிரீன்ல போட்டு மாதிரியே தெரியும், நூறு பொய் போட்டுக்கு நடுவுல நிஜ போட்ட எவன் நம்புவான், தயவு செஞ்சு அத வாங்காதீங்க.

பிட்டிங் சர்வீஸ் பத்தி. கொச்சி பக்கம் ஒரு கடையில இருந்து வந்த சேட்டன் வேலை தெரிஞ்சவருதான், ஆனா ஆண்டெனா கேபிள் ஜாயிண்டுல டேப்பு மட்டும் சுத்திட்டு போயிட்டாரு. உப்புக்காத்துல அது பச்சை புடிச்சு சிக்னல் போச்சு. போன் பண்ணினா "அடுத்த தடவ ஹார்பர்ல வரும்போ பாக்காம் அண்ணா"ன்னு பதில், நாங்க கடல்ல நிக்கோம்ங்கது அவருக்கு தோணவே இல்ல. "சேட்டா, பெட்டி கெட்டுப் போனா கரையில இருக்க உங்களுக்கு ஒண்ணும் ஆகாது, எங்களுக்குத்தான்"னு சொன்ன பெறகு ஆள அனுப்பினாரு. வாட்டர்ப்ரூப் சீலிங் போடுதத முன்னால நின்னு பாத்து வாங்குங்க. நம்ம போட்டு பேட்டரி 24 வோல்ட், செட்டு 12 வோல்ட், நடுவுல நல்ல கன்வெர்ட்டர் வேணும், மட்டமானத போட்டா ஒயர்லெஸ்ல ஒரே இரைச்சல். மெனு முழுசும் இங்கிலீஷ், தமிழோ மலையாளமோ எந்தக் கம்பெனியும் தரல, நம்ம கரையில இவ்வளவு விக்கணும்னு நெனைக்காவ, இது கூட செய்ய மாட்டாவளா. அலாரம் ஹார்பர் பக்கம் ஓயாம அடிக்கும், எரிச்சல்ல பொடியன்மாரு ஆஃப் பண்ணிட்டு திரும்ப போட மாட்டானுவ, அத ஸ்ராங்கு (போட்ட நடத்துதவரு) தினமும் பாக்கணும்.

வெலை, ஆண்டெனா, கன்வெர்ட்டர், பிட்டிங் கூலி எல்லாம் சேத்தா கனமாத்தான் வரும், சின்ன போட்டுக்காரங்களுக்கு தாங்காது, அரசாங்கம் மானியத்துல குடுக்கணும். அதுவும் தமிழ்நாட்டு ரிஜிஸ்டர் போட்டு கேரளா ஹார்பர்ல கெடந்தா இங்க போ அங்க போன்னு அலைக்கழிக்காம குடுக்கணும், நம்ம கரையில பாதிப் பேரு தொழில் செய்யுதது கொச்சியிலயும் முனம்பத்துலயும்தான்.

அஞ்சுக்கு நாலு குடுக்கேன். ஒரு மார்க்க கொறைச்சது மெமரி அழியுததுக்கும் தமிழ் இல்லாததுக்கும். நேரா 24 வோல்ட்ல ஓடுத, பக்கத்துல வந்த கப்பல் பேரையும் சேத்து கார்டுல பதியுத மாடல் யாராவது வச்சிருந்தா மாடல் நம்பர கீழ போடுங்க, அடுத்த சீசனுக்கு முன்னால எங்க கரையில இன்னும் கொஞ்சம் போட்டுக்கு சேத்து வாங்குததா இருக்கோம்.